ஆண்பால் பன்மை

அலுவலகத்தில் அவளுக்கு வைத்த பெயர் விகுதி. டைல்ஸ் இறக்குமதி செய்யும் கம்பெனி அது. போர்த்துக்கீசிய மொழியில் வரும் கடிதங்களைப் படித்து முதலாளிக்குச் சொல்வதும், அவர் சொல்வதை அந்த மொழியில் எழுதி அனுப்புவதும் அவள் வேலை. இருபத்திரண்டு வருடமாக அதே மேசை, ஒரு கால் ஆடுகிற அதே நாற்காலி. யார் எந்தக் காகிதத்தைக் கொண்டு வந்து நீட்டினாலும் அவள் கண் முதலில் சொல்லின் வாலுக்குத்தான் போகும். "இங்க விகுதி தப்பு" என்று சொல்லிச் சொல்லியே, கிடங்கில் பெட்டி இறக்குபவர்கள் முதல் முதலாளி வரை எல்லோருக்கும் அவள் விகுதி ஆகிப்போனாள். மரியாதை கொடுக்க நினைத்தவர்கள் விகுதியம்மா என்றார்கள்.

அந்த மொழியை அவள் ஆசைப்பட்டுப் படிக்கவில்லை. முன்பு அந்த வேலையில் இருந்தவர் சொல்லாமல் கொள்ளாமல் நின்றுவிட, தட்டச்சு செய்ய வந்தவளின் தலையில் அது விழுந்தது. முதலாளி ஒரு தடித்த அகராதியையும் அட்டை கிழிந்த இலக்கணப் புத்தகத்தையும் மேசைமேல் வைத்து, "ஆறு மாசம் டைம்" என்றார். அப்போது அவளுக்கு வயது இருபத்தேழு. இடுப்பில் எட்டு மாதக் குழந்தை. சமையலறையில் டப்பாக்களின் மேல் புத்தகத்தைச் சாய்த்து வைத்துக்கொண்டு படித்தாள்.

வினைச்சொற்கள் எப்படியோ பிடிபட்டன. பெயரடைதான் உயிரை வாங்கியது. தமிழில் 'நல்ல' என்றால் நல்ல, அவ்வளவுதான். நல்ல பையன், நல்ல பெண், நல்ல வீடு, நல்ல மாடுகள். யார் வந்தாலும் அந்தச் சொல் இருந்த இடத்தை விட்டு அசையாது. போர்த்துக்கீசியத்தில் அது பெரும்பாலும் பெயருக்குப் பின்னால் வரும். முன்னால் நிற்பது ஆணா பெண்ணா, ஒன்றா பலவா என்று பார்த்து வாலை மாற்றிக்கொள்ளும். களைத்துப்போனவன் என்றால் கன்ஸாதோ. களைத்துப்போனவள் என்றால் கன்ஸாதா. பெண்கள் பலர் என்றால் கன்ஸாதாஸ். ஆண்கள் பலர் என்றால் கன்ஸாதோஸ். வீடும் மேசையும்கூட அங்கே பெண்பால். மகிழ்ச்சியான, சோகமான என்று ஏதோ சில சொற்கள் மட்டும் ஆண் பெண் பார்ப்பதில்லை. சரி, ஆணும் பெண்ணும் கலந்திருந்தால்? ஆண்பால் பன்மை. நூறு பெண்களுக்கு நடுவே ஒரே ஓர் ஆண் நின்றாலும் ஆண்பால் பன்மைதான்.

அதைப் படித்த அன்று அவளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. வீட்டுக்காரரிடம் சொன்னாள். அவர் நகரப் பேருந்து ஓட்டுநர்.

"அப்ப என் பஸ்ல அம்பது பொம்பளைங்க உக்காந்திருக்காங்க. அடுத்த ஸ்டாப்புல ஒருத்தன் ஏறுறான். உடனே அம்பது பேருக்கும் வால் மாறிடுமா?"

"மாறிடும்."

"அவன் டிக்கெட் எடுக்கலைன்னாலும்?"

"எடுக்கலைன்னாலும்தான்."

"கொடுத்து வெச்ச பய!" என்று அவர் சிரித்தார். குழந்தை தூங்குகிறதே என்று அவள் அவர் வாயைப் பொத்த வேண்டியதாயிற்று.

எட்டாவது வருடத்தில் அவளுக்கு ஒரு சூடு பட்டது. செர்த்தோ என்று ஒரு பெயரடை உண்டு. பெயருக்கு முன்னால் வந்தால் 'ஏதோ சில' என்று பொருள். பின்னால் வந்தால் 'சரியான' என்று பொருள். கப்பலில் ஏற்றியனுப்பிய கம்பெனி, சில பெட்டிகள் மட்டுமே போயிருக்கின்றன என்று எழுதியிருந்தது. அவசரத்தில் அவள் அதைச் சரியான பெட்டிகள் என்று படித்துவிட்டாள். மிச்சப் பெட்டிகளை யாரும் கேட்காமல் விட்டதில், கட்டி முடியும் நிலையில் இருந்த ஒரு பள்ளிக்கூடத்தின் தரை இரண்டு மாதம் சிமெண்டாகவே கிடந்தது. முதலாளி அவளை எல்லோர் முன்னாலும் நிற்க வைத்துக் கேட்டார்: "சரியான பெட்டின்னு சொன்னது நீயா, இல்லையா?"

அன்றோடு அவளிடமிருந்து ஒன்று போயிற்று. 'இப்படித்தான்' என்று அடித்துச் சொல்ல அவளால் முடியாமல் போனது. எதைக் கேட்டாலும் "இப்படி இருக்கலாம்" என்பாள். வீட்டில் "மணி என்ன?" என்று கேட்டால்கூட "நாலு இருக்கலாம்" என்பாள். மகள் அதைச் சொல்லிக் காட்டிக் கேலி செய்வாள்.

அலுவலகத்துக்கு எதிரே ஒரு நான்கு மாடித் தங்கும் விடுதி. அதை ஒட்டிய காலி மனையில் புதுக் கட்டடத்துக்காக மூன்று ஆள் ஆழத்துக்குக் குழி தோண்டியிருந்தார்கள். மூன்று நாள் விடாமல் மழை. நான்காம் நாள் காலை பத்தே முக்காலுக்குக் குழியின் ஓரம் சரிந்தது. தரைக்குள் போன பெரிய தண்ணீர்க் குழாயும் கூடவே உடைந்து, சேறும் தண்ணீருமாக விடுதியின் நிலத்தடித் தளத்துக்குள் பாய்ந்தது. படிக்கட்டு மூடிக்கொண்டது. மேலே தங்கியிருந்தவர்கள் எல்லோரும் ஓடி வந்துவிட்டார்கள். கீழேதான் லாண்டரி இருந்தது. அங்கே வேலை செய்தவர்கள் மூன்று பெண்கள். தூர தேசத்திலிருந்து ஒப்பந்தத்தில் வந்தவர்கள். போர்த்துக்கீசியம் தவிர வேறு பேச்சு தெரியாது.

அவர்களை வேலைக்கு வைத்திருந்த சூப்பர்வைசர், சட்டையெல்லாம் சேறாக, டைல்ஸ் கம்பெனிக்குள் ஓடி வந்தான். முன்பு இரண்டு மூன்று முறை அந்தப் பெண்களின் விண்ணப்பங்களை எழுதி வாங்க வந்தவன்தான்.

"விகுதியக்கா, சீக்கிரம் வாங்க. கீழ இருந்து மெசேஜ் வருது. ஒண்ணுமே புரியல."

அவள் செருப்பை மாட்டிக்கொள்ளாமலே ரோட்டைக் கடந்தாள்.

தீயணைப்பு நிலைய அதிகாரி தொண்டை கட்டிய மனிதர். அவள் கையில் சூப்பர்வைசரின் போனைத் திணித்து, "படிங்கம்மா" என்றார். கீழிருந்து பேச்சு எடுக்கவில்லை. எழுத்து மட்டும் எப்போதாவது தப்பித்து வந்தது. முதல் செய்தி பதினொன்று ஐந்துக்கு வந்திருந்தது.

"நாங்க லாண்டரியில மாட்டிக்கிட்டோம். நனைஞ்சு போயிட்டோம். பயந்து போயிருக்கோம். தண்ணி ஏறுது" என்று படித்தாள்.

"லாண்டரி எந்தப் பக்கம்?"

சூப்பர்வைசர் காட்டினான். கார் இறங்கும் சரிவுப் பாதையின் பக்கச் சுவரை வெட்ட ஆரம்பித்தார்கள். இயந்திரத்தின் சத்தத்தில் பல் கூசியது. அதிகாரி சொல்லச் சொல்ல அவள் பதில் எழுதினாள்: உயரமான இடத்தில் ஏறிக்கொள்ளுங்கள், மின்சாரத்தைத் தொடாதீர்கள், வந்துகொண்டிருக்கிறோம். பதினொன்று ஐம்பதுக்கு அடுத்த செய்தி வந்தது. பத்துத் தலைகள் போனுக்கு மேல் குனிந்தன.

"உயிரோட இருக்கோம்" என்று அவள் சொன்னதுமே பின்னாலிருந்து யாரோ "அப்பாடா" என்றார்கள். "நனைஞ்சிருக்கோம், களைச்சுப் போயிட்டோம். தண்ணி நின்னுடுச்சு. சீக்கிரம் வாங்க."

"நின்னுடுச்சா? தானா எப்படி நிக்கும்?" என்றார் அதிகாரி. ஆனால் அதை யோசிக்க அப்போது நேரம் இல்லை. அதற்குப் பிறகு கீழிருந்து ஒரு எழுத்தும் வரவில்லை.

பன்னிரண்டு ஐம்பதுக்குச் சுவரில் துளை விழுந்தது. ஒவ்வொருவராக மூன்று பெண்களையும் தூக்கி வந்தார்கள். இரண்டு பேருக்கு நினைவில்லை. மூன்றாமவளுக்குக் கண் திறந்திருந்தது. உதடு நீலம் பாரித்துப் பல் கிட்டியிருந்தது. கூட்டம் கைதட்டியது. சூப்பர்வைசர் அழுதுகொண்டே பட்டியலில் மூன்று கோடு போட்டான். விடுதியின் வாசல் பதிவேட்டையும் பார்த்தார்கள். கீழே போனவர்கள் மூன்றே பேர்.

"உள்ள வேற யாரும் இல்ல. ரூம் முழுக்கப் பார்த்தாச்சு" என்று வீரர்கள் சொன்னார்கள்.

குழியின் பக்கம் இன்னும் சரிந்துகொண்டிருந்தது. விடுதியின் சுவரில் ஒரு விரிசல் முதல் மாடி வரை ஏறியிருந்தது. குழியையும், நிலத்தடித் தளத்தின் அந்த மூலையையும் சேர்த்துக் கல் கொட்டி நிரப்பினால்தான் கட்டடம் நிற்கும் என்று இன்ஜினியர் சொல்லிவிட்டார். நான்கு டிப்பர் லாரிகள் இன்ஜினை அணைக்காமல் வரிசையில் நின்றன. உள்ளே ஆள் இல்லை என்று அதிகாரி கையெழுத்துப் போட வேண்டியதுதான் பாக்கி.

விகுதி தன் அலுவலக வாசற்படியில் உட்கார்ந்தாள். காலில் எங்கோ கண்ணாடி குத்தியிருந்தது அப்போதுதான் தெரிந்தது. சூப்பர்வைசரின் போன் இன்னும் அவள் கையிலேயே இருந்தது. எதற்கென்று இல்லாமல் அந்தச் செய்திகளை மறுபடி பார்த்தாள். ஆபத்து கடந்த பிறகு, பழக்க தோஷம், கண் வாலுக்குப் போயிற்று.

முதல் செய்தியில் நனைந்தவர்கள் என்பதற்கு மொல்யாதாஸ்.

இரண்டாம் செய்தியில் மொல்யாதோஸ்.

அவள் எழுந்து நின்றாள். மற்ற சொற்களைப் பார்த்தாள். மாட்டிக்கொண்டவர்கள், பயந்துபோனவர்கள்: முதல் செய்தி முழுக்கப் பெண்பால். உயிரோடிருப்பவர்கள், களைத்துப்போனவர்கள்: இரண்டாவது முழுக்க ஆண்பால். அவள் இரண்டையும் 'நாங்க' என்றே படித்துச் சொல்லியிருந்தாள். தமிழில் அந்த 'நாங்க'வுக்குள் யார் இருந்தாலும் தெரியாது.

மணி ஒன்று ஐந்து. எழுபத்தைந்து நிமிடமாக அந்த எழுத்து அவள் உள்ளங்கையில் இருந்திருக்கிறது.

அதிகாரி கையெழுத்துப் போடப் பேனாவைத் திறந்திருந்தார். அவள் அந்தக் காகிதத்தின் மேலேயே கையை வைத்தாள்.

"சார், உள்ள இன்னொரு ஆள் இருக்கான். ஆம்பள."

"யாரு சொன்னா?"

"மெசேஜ் சொல்லுது. நான்தான் சரியாப் பார்க்கல." போனை அவர் முகத்துக்கு நேரே நீட்டினாள். "முதல்ல எழுதினப்ப மூணு பொம்பளைங்க மட்டும். ரெண்டாவது எழுதறப்ப கூட ஒரு ஆம்பள இருந்திருக்கான். சொல்லோட வால் மாறியிருக்கு சார். அந்த மொழியில அப்படி."

இன்ஜினியர் இடையில் புகுந்தார். "என்ன மேடம் இது, சுவரு விரிஞ்சுகிட்டே இருக்கு. இப்பப் போய் இலக்கணமா?"

"அவசரத்துல தப்பா அடிச்சிருக்கும்க்கா" என்றான் சூப்பர்வைசர். "எழுத்துப் பிழை எனக்கே வரும்."

"ஒரு சொல்லுன்னா நானும் அப்படித்தான் நினைப்பேன் தம்பி. மூணு சொல்லு. மூணும் ஒரே மாதிரியா தப்பாகும்? முதல் மெசேஜ்ல ஒண்ணுகூடத் தப்பாகலையே?"

அதிகாரி அவளையே பார்த்தார். "எனக்குப் புரியற மாதிரி சொல்லுங்க. வேகமா."

"பஸ் நிறைய பொம்பளைங்க சார். 'நாங்க களைச்சுப் போயிட்டோம்'னு சொன்னா அதுக்கு ஒரு வால். நடுவுல ஒரே ஒரு ஆம்பள ஏறினாப் போதும், எல்லாருக்கும் சேர்த்து வால் மாறிடும். பொம்பளைங்க மட்டும் இருக்கறப்ப அந்த வால் வரவே வராது. எழுதினது பொம்பள, தன் சொந்த மொழியில எழுதியிருக்கா. அதுல அவளுக்குக் கை தவறாது."

"லிஸ்ட்ல இல்ல, ரிஜிஸ்டர்ல இல்ல, ரூம்ல இல்ல. எங்கம்மா இருக்கான் அவன்?"

"தெரியாது சார்."

"நீங்க சொல்றத நம்பி என் பசங்கள மறுபடி உள்ள அனுப்பணும். சுவரு இறங்கினா அவங்களும் போயிடுவாங்க. உறுதியாத் தெரியுமா?"

வாய் தானாகவே 'இருக்கலாம்' என்று ஆரம்பித்தது. அவள் அதை விழுங்கினாள். லாரிகளின் உறுமல் நெஞ்சுக்குள் அடித்தது.

"உறுதியாத் தெரியும் சார். இருக்கான்."

அதிகாரி பேனாவை மூடினார். "பத்து நிமிஷம். அந்தப் பொண்ணுகிட்டக் கேட்டு எங்கன்னு சொல்லுங்க. லாரி எதுவும் அசையக் கூடாது!"

நினைவிழந்த இருவரையும் ஏற்றிக்கொண்டு முதல் ஆம்புலன்ஸ் போய்விட்டிருந்தது. மூன்றாமவள் இரண்டாவது வண்டியில், முகத்தில் ஆக்ஸிஜன் மூடியோடு கிடந்தாள். கதவைச் சாத்தப்போன உதவியாளரை இடித்துக்கொண்டு விகுதி உள்ளே ஏறினாள். அந்தப் பெண்ணின் கையைப் பிடித்து, அவள் மொழியிலேயே, உங்களோடு இருந்த அந்த ஆள் யார், எங்கே என்று கேட்டாள். கடிதத்தில் எழுதி எழுதியே பழகிய மொழி. வாயால் பேசி அவள் அதிகம் பழகியதில்லை. இரண்டு முறை கேட்டாள். மூன்றாம் முறை அந்தப் பெண்ணின் கண் அவள் பக்கம் திரும்பியது. மூடிக்குள் உதடு அசைந்தது.

"போம்பா..."

உதவியாளர் பதறினார். "பாம்பா? பாம்பு கடிச்சிருக்கா?" என்று அந்தப் பெண்ணின் காலைத் தூக்கிப் பார்க்க ஆரம்பித்துவிட்டார்.

"பாம்பு இல்லைங்க, பம்பு! அவங்க பாஷையில பம்புக்குப் போம்பான்னு பேரு."

அதற்குள் அந்தப் பெண் இன்னும் இரண்டு வார்த்தை சொல்லிவிட்டாள். பம்புக்காரர். திரும்பிப் போனார். விகுதி வண்டியிலிருந்து குதித்து ஓடினாள்.

"பம்பு ரூம் சார்! பம்பு மெக்கானிக்!"

விடுதி மேலாளர் அப்போதுதான் தலையில் அடித்துக்கொண்டார். மாதம் ஒருமுறை பம்பைப் பார்க்க ஒரு மெக்கானிக் வருவார். பின்பக்கச் சரிவு வழியாக நேரே கீழே போய்விட்டு வேலை முடித்துத்தான் மேலே வந்து கையெழுத்துப் போடுவார். பதிவேட்டில் முன்கூட்டி எழுதும் வழக்கம் இல்லை. பம்பு அறையிலிருந்து லாண்டரிக்குக் குழாய்கள் போகும் ஒரு இடுக்கு உண்டு, ஆள் தவழ்ந்து போகலாம்.

"அதான் தண்ணி நின்னிருக்கு. போய் வால்வ மூடியிருக்கான்" என்றார் அதிகாரி. சொல்லும்போதே தலைக்கவசத்தை மாட்டிக்கொண்டார்.

இரண்டு வீரர்களோடு அவரும் உள்ளே போனார். அதன்பிறகு நடந்ததெல்லாம் விகுதிக்குச் சத்தமாக மட்டுமே தெரிந்தது. இரும்பில் இரும்பு தட்டும் சத்தம். நிசப்தம். மறுபடி தட்டும் சத்தம். சுவர் நகர்ந்தால் தெரியட்டும் என்று விரிசலின் குறுக்கே ஒட்டியிருந்த கண்ணாடித் துண்டை இன்ஜினியர் பார்த்துவிட்டு, "உடைஞ்சிருச்சு, சுவரு நகருது" என்று கத்தினார். வெளியே நின்ற வீரர் ஒருவர் அவளைத் திரும்பிப் பார்த்தார். அந்தப் பார்வையில் கோபம் இருந்ததா என்று அவளுக்குத் தெரியவில்லை. உள்ளே போன மூன்று பேர் வீட்டிலும் யார் யார் இருப்பார்கள் என்று அவள் மனம் கணக்குப் போட்டது. ஒருவேளை அந்த ஆள் முன்பே வேறு வழியாக வெளியேறிப் போயிருந்தால்? நான் சொன்ன ஒரு சொல்லுக்காக மூன்று பேர் மேல் சுவர் விழுந்தால்? வாசல் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

இரண்டு இருபதுக்கு உள்ளிருந்து ஒரு குரல்: "உயிர் இருக்கு! ஜாக்கி அனுப்பு!"

மெக்கானிக்கை வெளியே எடுக்கும்போது மூன்றே கால். வால்வை மூடிவிட்டு அந்தப் பெண்களிடம் போனவர், அதை இன்னும் இறுக்கப் பம்பு அறைக்குத் திரும்பிய நேரத்தில் பெரிய குழாய் ஒன்று சாய்ந்து அவர் வலது பாதத்தின் மேல் விழுந்திருக்கிறது. கழுத்தளவு தண்ணீரில், ஒரு ஸ்பேனரால் குழாயைத் தட்டிக்கொண்டே இருந்திருக்கிறார். மேலே வெட்டும் இயந்திரத்தின் சத்தத்தில் யாருக்கும் கேட்கவில்லை. ஸ்ட்ரெச்சரில் போகும்போது அவர் முதலில் கேட்டது, "அந்தப் பொண்ணுங்க?" என்பதுதான். அவர் போன ஐந்தாவது நிமிடம் டிப்பர்கள் கல்லைக் கொட்டின.

அன்று அவள் வீட்டுக்குப் போனபோது வீட்டுக்காரர் வந்திருந்தார். அந்த ரோட்டை அடைத்துவிட்டதால் பஸ்ஸை வேறு பாதையில் ஓட்ட வேண்டி வந்ததைச் சொல்லிப் புலம்பினார். அவள் நடந்ததைச் சொன்னாள். பஸ் உதாரணம் வந்த இடத்தில் அவர் வழக்கமாகச் சிரித்திருப்பார். அன்று சிரிக்கவில்லை. அவள் காலைத் தூக்கித் தன் மடியில் வைத்துக்கொண்டு, கண்ணாடிச் சில்லை ஊசியால் எடுத்தார்.

"பதினொன்னு அம்பதுக்கே பார்த்திருக்கணும்ங்க" என்றாள்.

"பார்த்தியே."

"ஒன்னேகால் மணி நேரம் கழிச்சு."

அவர் காயத்தில் மஞ்சளை வைத்துத் துணியால் கட்டினார்.

பேப்பரில் தீயணைப்புப் படையின் சாமர்த்தியம் என்று வந்தது, அது உண்மையும்தான். மூன்று பெண்களும் பிழைத்தார்கள். இரண்டு பேர் ஊருக்குத் திரும்பிப் போனார்கள். மூன்றாமவள் வேறொரு லாண்டரியில் சேர்ந்தாள், தரைக்கு மேலே. விடுதியின் பின்பக்கச் சரிவிலும் ஒரு பதிவேடு வைத்தார்கள்.

மெக்கானிக் இரண்டரை மாதம் கழித்து, ஊன்றுகோலில், மனைவியோடு டைல்ஸ் கம்பெனிக்கு வந்தார். முன்கோபக்காரர் என்பது பேச்சிலேயே தெரிந்தது. வாசற்படி உயரம் என்று முதலில் சண்டை பிடித்தார். உட்கார்ந்த பிறகு, "என்னமோ எழுத்துன்னாங்களே, எதும்மா அது? காட்டுங்க" என்றார்.

அவள் ஒரு காகிதத்தில் இரண்டு சொற்களையும் ஒன்றின்கீழ் ஒன்றாக எழுதிக் காட்டினாள். அவர் வெகுநேரம் பார்த்தார். மனைவியும் எட்டிப் பார்த்தாள்.

"இதுல நான் எங்க இருக்கேன்?" என்றார்.

அவள் இரண்டாவது சொல்லின் வாலில் விரல் வைத்துக் காட்டினாள். பிறகு, யாரும் கேட்காமலே, அந்த ஒன்றேகால் மணி நேரத்தைப் பற்றியும் சொன்னாள். செய்தி வந்தது எப்போது, தான் கவனித்தது எப்போது என்று மணி உட்பட. பக்கத்து மேசையில் தட்டச்சுச் சத்தம் நின்றது. மெக்கானிக்கின் மனைவி முகத்தை ஜன்னல் பக்கம் திருப்பிக்கொண்டாள்.

அவர் ஊன்றுகோலின் ரப்பரைத் தரையில் இரண்டு முறை தேய்த்தார்.

"பாதம் நசுங்கினது குழாய் விழுந்த அப்பவே. டாக்டரும் அதைத்தான் சொன்னாரு" என்றார். "மிச்ச நேரம் வெறும் குளிருதான்."

அது டாக்டர் சொன்னதா, இவர் தனக்காகச் சொன்னதா என்று அவளுக்குத் தெரியவில்லை. கேட்கவும் இல்லை. டீ வரவழைத்தாள். அவர் சர்க்கரை போதவில்லை என்று குறை சொல்லிக்கொண்டே முழுதும் குடித்தார். போகும்போது அந்தக் காகிதத்தை நாலாக மடித்துச் சட்டைப் பைக்குள் வைத்துக்கொண்டார். படியில் இறங்க அவள் கை நீட்டினாள். "வேண்டாம், நானே இறங்கிப் பழகணும்" என்றார். ஒவ்வொரு படியாக அவர் இறங்கி முடிக்கும் வரை அவளும் அவர் மனைவியும் வாசலிலேயே நின்றார்கள்.